மதிப்பிட்ட கணக்கைக் காட்டும் கடமை

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் எழுத்தராகவும் மொழிபெயர்ப்பாளராகவும் நான் பணியாற்றிய ஆண்டுகளில், என் மேசைக்கு வந்த கோப்புகளில் பெரும்பாலானவை அந்நகரின் கேட்டோ மேனர் பகுதி நிலங்களைப் பற்றியவை. கரும்புத் தோட்ட ஒப்பந்தம் முடிந்தவர்களும் அவர்கள் பிள்ளைகளும் காய்கறி பயிரிட்டு, விடியுமுன் சந்தைக்குக் கொண்டுபோய் விற்று, சிறுகச் சிறுகச் சேர்த்து வாங்கிய நிலங்கள் அவை. எந்த இனத்தார் எங்கே வாழலாம் என்று வரையறுத்த 1950ஆம் ஆண்டின் குழுப் பகுதிகள் சட்டத்தின் கீழ் அப்பகுதி வெள்ளையருக்கென்று அறிவிக்கப்பட்டபின், அக்குடும்பங்களில் பல, இந்தியருக்கென்று ஒதுக்கப்பட்ட சாட்ஸ்வர்த் பகுதிக்குப் பெயர்க்கப்பட்டன.

அந்நிலங்கள் காசே கொடுக்காமல் பறிக்கப்பட்டன என்று பலர் எண்ணுகிறார்கள். என் கோப்புகளில் இருந்த உரிமையாளர்களில் பலருக்கு ஏதோ ஒரு தொகை கொடுக்கப்பட்டிருந்தது. சிக்கலே அங்குதான் தொடங்கியது. பறிக்கப்பட்ட காலத்திலேயே நியாயமான ஈட்டுத்தொகை பெற்றவருக்கு, இனச் சட்டங்களால் நிலம் இழந்தவர்கள் அதையோ அதற்கு ஈட்டையோ கோர வழிசெய்யும் 1994ஆம் ஆண்டின் நில உரிமை மீட்புச் சட்டத்தின்படி இன்று கோரிக்கை உரிமை இல்லை. ஆகவே அன்றைய தொகை நியாயமானதா என்ற கேள்வியில்தான் வழக்கின் உயிர் இருந்தது. 1955ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட மற்றொரு சட்டம், இத்தகைய நிலங்களுக்கு ஓர் அடிப்படை மதிப்பைக் குறிக்கும் அதிகாரத்தை அரசு வாரியத்துக்குக் கொடுத்திருந்தது. அந்த மதிப்புக்கு மேல் விலை கிடைத்தால், கூடுதலில் ஒரு பங்கை உரிமையாளர் வாரியத்துக்குச் செலுத்த வேண்டியிருந்தது. அக்காலப் பத்திரங்களில் 'சந்தை விலை' என்று காணப்படுவது, இவ்வாறு கைகால் கட்டப்பட்ட ஒரு சந்தையின் விலை என்பதை மறந்துவிடக் கூடாது.

2001ஆம் ஆண்டுக்குப் பின் ஒரு நாள், எண்பது வயதைத் தாண்டிய ஓர் ஆயா, பேத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு எங்கள் அலுவலகத்துக்கு வந்தார். கடைசி நாளான 1998 டிசம்பர் 31க்கு முன்பே பதிவு செய்த கோரிக்கை அவருடையது. அரசுத் தரப்பிலிருந்து வந்த கடிதத்தில் ஒரு தொகையும் கையெழுத்திட வேண்டிய தேதியும் மட்டுமே இருந்தன. நான் அதைத் தமிழில் படித்துச் சொன்னேன். தொகை அவ்வளவு மோசமில்லை என்றும், வயதை எண்ணி ஒப்புக்கொள்ளலாம் என்றும் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அவர் கேட்டார்: "இந்தக் கணக்கை யாரு போட்டாங்க தம்பி? எங்க நிலத்தைப் பாத்தாங்களா?"

அதற்கு என்னிடம் விடை இல்லை. கேட்டறியத் தோன்றவில்லை என்பதே உண்மை. அரசமைப்பின் 33ஆம் பிரிவு நியாயமான நிர்வாக நடவடிக்கையை உரிமையாக்கியிருக்கிறது. 2000ஆம் ஆண்டில் வந்த நிர்வாக நீதிச் சட்டம், போதிய அறிவிப்பும், தம் தரப்பைச் சொல்ல வாய்ப்பும், கேட்டால் எழுத்தில் காரணமும் கொடுக்க வேண்டும் என்கிறது. கணக்கைக் காட்டாமல் கருத்துக் கேட்பது வாய்ப்புக் கொடுத்ததாகாது. தகவல் பெறும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்து, பல வாரங்கள் காத்திருந்து, மதிப்பீட்டறிக்கையைப் பெற்றோம்.

மதிப்பீட்டாளர் மூன்று விற்பனைகளை ஒப்பிட்டிருந்தார். மூன்றுமே அப்பகுதி வெள்ளையருக்கு ஒதுக்கப்பட்டதற்குப் பின் நடந்தவை, அதாவது விற்றே தீர வேண்டியவர்கள் விற்றவை. மரமும் தகரமுமாகக் கட்டிய வீடு கணக்கில் இருந்தது. கிணறும் மாமரங்களும் இல்லை. நாங்கள் எழுத்தில் மறுப்புக் கொடுத்தோம். விசாரணையில் ஆயா கிணற்றின் இடத்தைத் தாளில் வரைந்து காட்ட, நான் மொழிபெயர்க்க, எதிரே இருந்த அதிகாரி பொறுமையாகக் குறித்துக்கொண்டார். அவரை நான் இன்றும் மதிக்கிறேன். திருத்திய தொகை பெரிதாக உயரவில்லை. ஆனால் இம்முறை எதைச் சேர்த்தார்கள், எதை ஏன் சேர்க்கவில்லை என்று இரண்டு பக்கங்களில் காரணம் எழுதி வந்தது. பேத்தி அதை வரிக்கு வரி சொல்லி முடித்த பிறகே ஆயா கையெழுத்திட்டார்.

2025 ஜனவரியில் அதிபர் ஒப்பமிட்ட புதிய நிலக் கையகச் சட்டத்தைப் பற்றிய பேச்செல்லாம், ஈடில்லாமல் நிலம் எடுக்க இடம்தரும் பிரிவையே சுற்றுகிறது. அந்த அச்சத்தை நான் குறைத்துப் பேசவில்லை. எனினும் முன்னறிவிப்பு, மறுப்பு, சமரசப் பேச்சு ஆகியவற்றைப் பற்றிய பிரிவுகளையும் அதே கவனத்தோடு படிக்க வேண்டும் என்பேன், ஏனெனில் எளியவர் கோப்பு பெரும்பாலும் நீதிமன்றத்தை எட்டுவதற்கு முன்பே முடிந்துவிடுகிறது.

ஆயாவின் கோப்பு முடிந்த அன்று மாலை, அவருடைய பெரியப்பா மகனின் கோப்பைத் தேடி எடுத்தேன். அடுத்த மனை, அதே மதிப்பீட்டாளர், ஏறக்குறைய அதே தொகை. 'முழுமையான, இறுதியான தீர்வு' என்ற வரிக்குக் கீழே அவருடைய கைநாட்டும், படித்துக் காட்டியதற்குச் சாட்சியாக என் கையெழுத்தும் இருந்தன.