அறுபொழுது மலை: எழுதும் நாட்களின் குறிப்பு

ஏப்ரல் 14, 2025 (சித்திரை 1)

பாபநாசத்தில் விஷுக் கூட்டம். படித்துறையில் கால் வைக்க இடமில்லை. கயிலாயத் திருமணத்துக்கு உலகமே வடக்கே திரண்டபோது, பூமியைச் சமன் செய்யப் பொதிகைக்கு அனுப்பப்பட்டவர் அகத்தியர். அவரால் காண முடியாமல்போன அந்தக் கல்யாணத்தை இங்கேயே அவருக்குக் காட்டினார் சிவன் என்கிறது தலபுராணம். ஒவ்வொரு விஷுவுக்கும் அந்தக் காட்சி மறுபடி நடக்கிறது. என்றோ முடிந்த ஒன்று இந்த அடிவாரத்தில் மட்டும் முடியாமல் இருக்கிறது. பல வருடமாக மனதில் கிடக்கும் கற்பனை மலைத்தொடரைக் கதையாக எழுதத் தொடங்க இதைவிட நல்ல நாள் வாய்க்காது. பெயரும் வைத்துவிட்டேன்: அறுபொழுது மலை.

ஏப்ரல் 20

விக்கிரமசிங்கபுரம். மொட்டை மாடியில் நின்றிருந்தேன். மணி ஆறு ஆவதற்குள் சூரியன் மலைக்குப் பின்னால் போய்விட்டது. பாளையங்கோட்டையில் இருக்கும் அக்காவுக்குப் போன் செய்தால், அவள் வீட்டுச் சுவரில் இன்னும் வெயில் அடிக்கிறதாம்.

கணக்கு எளிது. சூரியன் மணிக்கு 15 பாகை நகர்கிறது. நம் அட்சரேகையில் கிட்டத்தட்ட செங்குத்தாகவே இறங்குகிறது. அடிவானத்துக்கு மேல் ஏழரை பாகை எழும்பி நிற்கும் ஒரு மலை, அதன் கிழக்கு அடிவாரத்தில் வாழ்பவர்களின் மாலையில் அரை மணி நேரத்தை எடுத்துக்கொள்ளும். கோழி அடைகிறது, விளக்கேற்றுகிறார்கள், சுவர்க் கடிகாரம் மட்டும் இன்னும் பகல் என்கிறது. அந்தக் கடிகாரமும் 82.5 பாகைக் கிழக்குத் தீர்க்கரேகையின் நேரத்தைத்தான் காட்டுகிறது. நாம் அதற்கு மேற்கே இருக்கிறோம். சித்திரையில் நமக்கு உச்சிப்பொழுது பன்னிரண்டே காலைத் தாண்டித்தான் வருகிறது. பொழுதை ஊருக்கு ஊர் மாற்றி அளப்பது மலைக்குப் புதிதல்ல.

மே 4

அக்னி நட்சத்திரம் இன்று தொடங்கியது. வெளியே போகவில்லை. நாள் முழுவதும் மலையின் சட்டத்தை வகுத்துக்கொண்டிருந்தேன்.

அங்கே பொழுது விந்தையாக நடப்பதற்கு முனிவரின் சாபம், மந்திரக் கல், பிளந்த வானம் எதுவும் காரணமாக வரக் கூடாது. தொல்காப்பியம் நிலத்தையும் பொழுதையும் சேர்த்தே முதற்பொருள், அதாவது பாட்டுக்கு அடிப்படை, என்கிறது. குறிஞ்சிக்கு யாமம் (நள்ளிரவு), முல்லைக்கு மாலை, மருதத்துக்கு வைகறையும் (விடியலுக்கு முந்தைய பொழுது) விடியலும், நெய்தலுக்கு எற்பாடு (வெயில் சாயும் பொழுது), பாலைக்கு நண்பகல். அங்கே பொழுது நிலத்துக்குச் சொந்தம். இந்த மண்ணிலேயே இப்படியொரு சிந்தனை இருக்கும்போது நான் ஏன் வேறெங்கோ போய்க் காரணம் தேட வேண்டும்?

ஆகவே ஆறு முகடுகள். முகட்டுக்கு ஒரு சிறுபொழுது (நாளின் ஆறு பிரிவுகளில் ஒன்று), அது மாறாது. அங்கே இரவெல்லாம் விழித்துக் காத்திருந்தாலும் விடியாது. விடியல் வேண்டுமென்றால் விடியல் முகட்டுக்கு நடந்து போக வேண்டும். பிள்ளை பெற வைகறைக்குப் போவார்கள். பிணத்தை எற்பாட்டுக்குத் தூக்கிச் செல்வார்கள். குறிஞ்சிக்குரிய யாம முகடுதான் எல்லாவற்றிலும் உயரம். பொழுதுதான் அங்கே நிற்கும், உடம்பு நிற்காது. எவ்வளவு வேகத்தில் ஓடும் என்பதை இன்னும் முடிவு செய்யவில்லை.

மே 5

மின்சாரம் இல்லை. எழுதவில்லை.

மே 18

கல்லிடைக்குறிச்சியில் ஓர் ஆச்சியைப் பார்த்தேன். மலைமேல் உள்ள மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத்தில் நாற்பது வருடம் கொழுந்து பறித்தவர். 2024இல் தொழிலாளர்கள் விருப்ப ஓய்வு பெற்று இறங்கியபோது அவரும் இறங்கினார். இப்போது அப்பளம் இடும் தன் அக்காவின் வீட்டில் இருக்கிறார்.

“மேலே பொழுதை எப்படி ஆச்சி தெரிந்துகொள்வீர்கள்?”

“மழை மாதத்தில் காலையும் சாயங்காலமும் ஒரே வெளிச்சம்தான் தம்பி. மேகம் வாசலுக்குள் வந்து நிற்கும். எடை போட நிற்கும்போதுதான் பொழுது போனது தெரியும். கூடை கனத்தால் சாயங்காலம்.”

அப்பளம் காயவைத்துக்கொண்டிருந்த அக்காவைக் காட்டினார். “இவள் என்னைவிட நான்கு வயது மூத்தவள். பார்க்கிறவர்கள் என்னைத்தான் அக்கா என்கிறார்கள்.”

அக்கா ஒன்றும் சொல்லவில்லை. எழுந்துபோய் எனக்கு மோர் கொண்டுவந்தார்.

மே 19

தூங்கவே இல்லை. ஆச்சி சொன்னது இயற்பியலின்படியும் உண்மை. 1915இல் ஐன்ஸ்டைன் முடித்த பொதுச் சார்பியல் கோட்பாட்டின்படி, உயரத்தில் இருக்கும் கடிகாரம் தாழ்வில் இருப்பதைவிட வேகமாக ஓடும். 1960இல் ஹார்வர்டில் பவுண்டும் ரெப்காவும் 22.5 மீட்டர் உயரத்திலேயே இந்த விளைவை அளந்து காட்டினார்கள். 2010இல் அமெரிக்காவில் அணுக்கடிகாரங்களை வைத்து 33 செ.மீ. உயர வேறுபாட்டிலும் கண்டார்கள்.

அடிவாரத்தைவிட ஆயிரம் மீட்டர் உயரத்தில் நாற்பது ஆண்டு வாழ்ந்தவருக்குக் கூடும் வயது, ஒரு நொடியில் பத்தாயிரத்தில் ஒரு பங்கைச் சற்றே தாண்டும். அட்டைக்கடியும் குளிரும் கூடையும் செய்ததை இந்த எண் சொல்லாது. ஆனால் திசை சரியாக இருக்கிறது.

மலையேறியவன் இளமையோடு திரும்பி வருவான், ஊரில் தலைமுறைகள் கடந்திருக்கும். இப்படிப்பட்ட கதைகள் எங்கும் உண்டு. அறுபொழுது மலையில் அது நடக்காது. மேலே போனவர்களே முதலில் மூப்பார்கள். கீழே ஓர் ஆண்டு என்றால் யாம முகட்டில் மூன்று.

ஜூலை 24 (ஆடி அமாவாசை)

சொரிமுத்து அய்யனார் கோயிலுக்குப் போகும் வண்டிகள் விடியுமுன்பே வரிசை கட்டிவிட்டன. நான் போகவில்லை. யாம முகட்டில் நிலவு வெளிச்சத்தில் இலை கிள்ளும் பெண்களை இன்றுதான் எழுத வந்தது.

ஆகஸ்ட் 17 (ஆவணி 1)

கேரளத்திலும் நம் பக்கமும் வழங்கும் கொல்லம் ஆண்டுக் கணக்கில் 1201 பிறந்தது. நம் பக்கம் ஆவணியில் பிறக்கும் இந்த ஆண்டு, வட மலபாரில் கன்னி (புரட்டாசி) மாதத்தில் பிறப்பது பழைய வழக்கம். ஆண்டு எப்போது தொடங்கும் என்பதில்கூட மலைக்கு இந்தப்புறம் ஒரு கணக்கு, அந்தப்புறம் ஒரு கணக்கு.

மாஞ்சோலைக்கு 1929இல் சிங்கம்பட்டி ஜமீன் கொடுத்தது 99 ஆண்டுக் குத்தகை, 2028இல் முடிகிறது. என் மலைக்கும் 99 ஆண்டுக் குத்தகைதான். ஆனால் எந்த இடத்தின் ஆண்டு என்று ஓலையில் எழுதியவர்கள் குறிப்பிடவில்லை. அடிவாரக் கணக்கில் இன்னும் பாதிக் காலம்கூட ஆகவில்லை. யாம முகட்டில் 99 எப்போதோ கடந்துவிட்டது. கூலி அடிவாரத்து மாதத்துக்கு, உழைப்பு முகட்டு மாதத்துக்கு. அப்படியானால் மூன்று மாதம் வேலை செய்து ஒரு மாதச் சம்பளம் வாங்கிய பெண்களுக்கு எவ்வளவு பாக்கி? குத்தகை தீர்ந்த பிறகு கிள்ளிய இலை யாருடையது?

இந்த இரண்டு கேள்விகளோடும், எடைச் சீட்டுகளை முந்தானையில் முடிந்துகொண்டு ஒரு கிழவி குத்தகை அலுவலகத்துக்குள் நுழைவது வரை எழுதியிருக்கிறேன். நாளை குமாஸ்தாவின் பதிலை எழுத வேண்டும்.