எங்கிருந்து அளப்பது?

நில அளவராக முப்பது வருடத்துக்கு மேல் ஓட்டிவிட்டேன். வரப்புத் தகராறு, பாகப்பிரிவினை, கோயில் நிலம் எல்லாம் பழகிப்போனவை. ஒரு பக்கம் திட்டுவார்கள், இன்னொரு பக்கம் மோர் கொடுப்பார்கள், அவ்வளவுதான். மயானத்தை அளக்கப் போனால் மட்டும் இரண்டு பக்கமும் சேர்ந்து திட்டும்.

முன்சீப் கோர்ட்டில் வழக்கு. கோர்ட் ஒரு இளம் பெண் வக்கீலை, இடத்தைப் பார்த்து அறிக்கை கொடுக்கும் கமிஷனராகப் போட்டு, அளந்து கொடுக்க என்னையும் கூட அனுப்பியது. வாய்க்கால் கரையோரம் முப்பத்திரண்டு சென்ட் மயானம். அதன் தெற்கே ஒரு காலத்தில் கடலைக்காடு, நான் அளக்கப் போனபோது பெரிய பெயர் வைத்த ஒரு 'நகர்'. பாதி மனைகளில் வீடு வந்திருந்தது. மயானத்தை மூட வேண்டும் என்று வீட்டுக்காரர்கள் தடை உத்தரவு கேட்டிருந்தார்கள்.

எல்லார் வாயிலும் ஒரே எண்: 90 மீட்டர். 1999ஆம் வருடத்துக் கிராம ஊராட்சி இடுகாடு, சுடுகாடு விதிகளில் வருவது. வீட்டிலிருந்தோ குடிநீர் எடுக்கும் இடத்திலிருந்தோ 90 மீட்டருக்குள் பிணத்தைப் புதைக்கக் கூடாது, எரிக்கக் கூடாது. முதல் பாதியைச் சொல்பவர்கள் அடுத்ததைச் சொல்வதில்லை: உரிமம் பெற்ற மயானமாக இருந்தால் இந்தத் தடை இல்லை. புதிதாக மயானம் திறக்க ஊராட்சியின் உரிமம் வேண்டும்.

டேப்பை எடுத்ததுமே தலையாரி என் காதருகே வந்து, "சார், எங்க இருந்து பிடிக்கப் போறீங்க?" என்றார். சாதாரணக் கேள்வி மாதிரிதான் இருந்தது. வழக்கே அதில்தான் இருந்தது. மயானத்தின் எல்லைக்கல்லிலிருந்து முதல் வீட்டுச் சுவர் வரை 61 மீட்டர். கடைசியாக வெட்டிய குழியிலிருந்து அதே சுவருக்கு 94. கல்லிலிருந்து பிடித்தால் வீட்டுக்காரர்கள் ஜெயிப்பார்கள், குழியிலிருந்து பிடித்தால் ஊர். வீட்டுக்காரர்களின் வக்கீல் அடுத்ததாக ஒரு வீட்டின் ஆழ்துளைக் கிணற்றைக் காட்டினார். அது 48 மீட்டர்தான். ஊர்க்காரர் ஒருவர் உடனே, "அந்தப் போர் போட்டு ஆறு மாசம்கூட ஆகலை சார்" என்றார். போர் எப்போது போட்டார்கள் என்று டேப் சொல்லாது. கமிஷனரம்மா கொஞ்சம் யோசித்துவிட்டு, "மூணையும் எழுதுங்க சார்" என்றார். அந்த வயதில் அந்தத் தெளிவு எனக்கு இருந்ததில்லை.

எது முந்தி வந்தது என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. வருவாய்த் துறையின் நிலக் கணக்கான அ-பதிவேட்டில் அந்தப் புல எண்ணுக்கு நேரே 'மயானம்' என்று புறம்போக்காகவே இருந்தது. ஆனால் வருவாய்த் துறைக் கணக்கில் மயானம் என்று இருப்பது வேறு, ஊராட்சி அதைப் பதிந்து வைத்திருப்பது வேறு. ஊராட்சிப் பதிவேட்டைக் கேட்டபோது செயலர் பீரோவைத் திறந்தார், மூடினார், மறுபடி திறந்தார். பாட்டன் காலத்திலிருந்து எரிக்கிற இடத்துக்குத் தாள் எதற்கு என்று விட்டிருப்பார்கள். பின்னாளில் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வே, உரிமம் இல்லாத இடத்தில் புதைக்கக் கூடாது, புதைத்திருந்தால் தோண்டி எடுக்க வேண்டும் என்று சொல்லிவிட்டது. அதைப் படித்தபோது எனக்கு அந்தப் பீரோதான் ஞாபகம் வந்தது.

2024 ஜூலையில், கொலை செய்யப்பட்ட பகுஜன் சமாஜ் கட்சி மாநிலத் தலைவர் ஆம்ஸ்ட்ராங்கின் உடலைப் பெரம்பூர் கட்சி அலுவலகத்திலேயே அடக்கம் செய்ய அனுமதி கேட்டார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை கோர்ட்டைக் கூட்டி விசாரித்தார்கள். குறுகலான தெரு, வீடுகள் நெருங்கிய இடம் என்று அனுமதி கிடைக்கவில்லை. அடக்கம் திருவள்ளூர் மாவட்டத்துப் பொத்தூரில் நடந்தது. டிவியில் அந்தத் தெருவைக் காட்டியபோது கண்ணாலேயே அளந்துகொண்டிருந்தேன். வேலைப் புத்தி.

வழக்கு நடந்த ஊருக்கே திரும்பி வருகிறேன். மதியம் சாப்பிடக் கை கழுவும்போது வழக்குப் போட்டவர்களில் ஒரு அம்மா கிட்டே வந்தார். "புகை கூடப் பரவாயில்லை சார். வாசல் வழியா தப்படிச்சு, வெடி வெடிச்சுக் கொண்டுபோறாங்க. பிள்ளைங்க சோத்துத் தட்டோட எந்திரிச்சு உள்ள ஓடுது." மனுவில் இது ஒரு வரிகூட இல்லை. இருந்ததெல்லாம் நிலத்தடி நீரும் சுகாதாரக் கேடும்தான்.

அவர் போன பிறகு புலப்படத்தை மறுபடி விரித்தேன். ஊரிலிருந்து மயானத்துக்குப் போகும் பழைய வண்டிப்பாதை புள்ளிக்கோடாக இருந்தது. மனை போட்டவர் அதன் மேலேயே 'முப்பது அடி ரோடு' என்று வரைந்து விற்றிருக்கிறார். பிணம் அவர்கள் தெருவுக்குள் வரவில்லை, பிணம் போகிற பாதையில் அவர்கள் வாசல் வைத்திருக்கிறார்கள். ரோடு அகலம் என்று சொன்னவர், எதற்கான ரோடு என்று சொல்லவில்லை.

பாதைச் சண்டை எவ்வளவு தூரம் போகும் என்று தெரியாதவன் இல்லை நான். 2016 ஜனவரியில் அன்றைய நாகப்பட்டினம் மாவட்டத்துத் திருநாள்கொண்டச்சேரியில், ஒரு தலித் முதியவரின் உடலைப் பொதுவழியில் கொண்டுபோகலாம் என்று உயர் நீதிமன்றமே சொல்லியும் அது நடக்கவில்லை. போலீஸ் வேறு வழியாக எடுத்துப்போனது. நம்மூரில் சாதிக்கு ஒரு மயானம், மயானத்துக்கு ஒரு வழி. நான் சொல்லும் ஊரில் அந்த மயானம் யாருடையது, வழக்குப் போட்டவர்கள் யார் என்பதை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. அளக்க வந்தவனும் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டுமோ என்று இப்போது தோன்றுகிறது.

வரைபடத்தில் மூன்று தூரத்தையும் எழுதினேன். யாரும் கேட்காவிட்டாலும் அந்தப் பாதையையும் சிவப்பு மையில் புள்ளி புள்ளியாகப் போட்டேன். கமிஷனரம்மா பார்த்தார், ஒன்றும் சொல்லாமல் அறிக்கையோடு சேர்த்துத் தைத்துக்கொண்டார்.

தீர்ப்பு வருவதற்குள் எனக்கு மாறுதல் வந்துவிட்டது. இரண்டு வருடம் கழித்துத் தலையாரியைப் பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். வழக்கு வாய்தா வாய்தாவாக இழுத்ததில் இரண்டு பக்கமும் சலித்து, மாரியம்மன் கோயில் வாசலில் உட்கார்ந்து பேசினார்களாம். மயானம் அங்கேயே இருக்கிறது. பாடையும் அதே ரோட்டில்தான் போகிறது. தப்பும் வெடியும் மட்டும் மதகோடு நின்றுவிட வேண்டும் என்று ஏற்பாடு.

"நிக்குதா?" என்று கேட்டேன்.

"தப்பு நிக்குது சார். வெடிதான் ஒண்ணு ரெண்டு தாண்டி வெடிக்குது."