டார்ச் அடிக்காமல் இருந்திருந்தால்

ஒரு படத்துக்காக, இல்லாத இயற்பியல் நிகழ்வு ஒன்றுக்கு விதிகள் எழுதிக் கொடுத்தேன். அதற்குச் சுழி என்று ஏற்கெனவே பெயர் வைத்திருந்தார்கள். காசிமேட்டுக்கு அப்பால் கடலில் ஓரிடம். அதில் விழுவது ஒன்பது நாள் முன்னால் கரையேறும். நாயகன் அதில் விழுகிறான். முந்தைய வாரத்தில் எழுந்து, கடலுக்குப் போன அப்பாவை எச்சரிக்கக் கரையிலிருந்து டார்ச் அடிக்கிறான். அந்த வெளிச்சத்தைப் பார்த்துத்தான் அப்பா படகைத் திருப்புகிறார். படகு, கடலரிப்பைத் தடுக்கப் போட்ட தூண்டில் வளைவின் கற்களில் மோதுகிறது. அப்பாவின் உடல் கிடைக்கவில்லை.

இந்த இடம் வந்தபோது உதவி இயக்குநர் கேட்டார்: "அவன் டார்ச் அடிக்காம இருந்திருந்தா அவர் கரை சேர்ந்திருப்பாரா சார்?"

"அப்படி ஒரு நிலைமையே இந்தக் கதையில கிடையாதும்மா. அவன் அடிச்சான். அதுதான் நடந்தது."

"எங்க தெருவுல ஒரு சாவு விழுந்தா முதல்ல பேசறதே இதைத்தான் சார். அன்னைக்குப் போகாம இருந்திருந்தா, அந்த வண்டில ஏறாம இருந்திருந்தான்னு."

நான் பதில் யோசிப்பதற்குள் இயக்குநர் என் வாக்கியத்தை வசனமாகவே எழுதிக்கொள்ளச் சொன்னார். உதவி இயக்குநரும் குனிந்து எழுதினார். அப்புறம் பேச்சு அடுத்த காட்சிக்குப் போய்விட்டது.

நான் சொன்னது காற்றில் பிடித்த பதில் இல்லை. 1949-இல் தர்க்கவியலாளர் கர்ட் கோடல், ஐன்ஸ்டைனின் ஈர்ப்புச் சமன்பாடுகளுக்கே ஒரு தீர்வு கண்டார். சுழலும் பிரபஞ்சம் அது. அதில் ஒருவர் முன்னோக்கியே பயணம் செய்து தன் கடந்த காலத்துக்கு வந்து சேரலாம். நம் பிரபஞ்சம் அப்படிச் சுழலவில்லை. ஆனாலும் சமன்பாடு அதைத் தடுக்கவில்லை. அப்படியொரு வளையம் இருந்தால் முரண்பாடு வராதா என்ற கேள்விக்கு ரஷ்ய இயற்பியலாளர் இகோர் நோவிகோவ் சொன்ன பதில், வரலாறு ஒன்றே ஒன்றுதான் என்பது. போனவன் எதையும் மாற்ற முடியாது. அவன் செய்ததும் சேர்ந்துதான் ஏற்கெனவே நடந்தது. கடந்த காலத்துக்குப் போய், தான் பிறப்பதற்கு முன்பே தன் தாத்தாவைக் கொல்லப் பார்ப்பவனின் துப்பாக்கி எப்படியாவது குறி தப்பும். இதை வைத்துத்தான் சுழிக்கு விதி எழுதினேன். அதே விதிப்படிதான் பதிலும் சொன்னேன்.

ஆனால் வீட்டுக்கு வந்த பிறகு வேறொன்று உறுத்தத் தொடங்கியது. எதையாவது காரணம் என்று எப்படிச் சொல்கிறோம்? ஆய்வகத்தில் மாணவர்களிடம் நான் செய்யச் சொல்வது எளிய காரியம்: சுவிட்சை அணைத்துப் பார், முள் அசைகிறதா என்று கவனி. அணைத்தால் அசையவில்லை என்றால்தான் மின்னோட்டம் காரணம். சுழியில் எதையும் அணைத்துப் பார்க்க வழியில்லை. டார்ச் அடிக்காத இரவு அங்கே கிடையாது என்று அந்தப் பெண்ணிடம் சொன்னவன் நான். அதற்குச் சற்று முன்னால், டார்ச்தான் விபத்துக்குக் காரணம், காட்சி சரியாக வருகிறது என்று இயக்குநரிடம் சொன்னவனும் நான்தான். இரண்டையும் சேர்த்துச் சொல்ல எனக்கு உரிமை இருந்ததா? அந்தப் பெண் கேட்ட அதே "இருந்திருந்தா" இல்லாமல் "காரணம்" என்று வாயைத் திறக்கவே முடியாதே.

சரி, இயற்பியலில் காரணமும் விளைவும் இடம் மாறுவது புதிதில்லை என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். தாம்பரம் கிறித்தவக் கல்லூரியில் படித்து, பின்னாளில் தரமணி கணித அறிவியல் நிறுவனத்தின் இயக்குநராகவும் இருந்த இயற்பியலாளர் இ.சி.ஜி. சுதர்சன், 1962-இல் பிலானியுக், தேஷ்பாண்டே ஆகியோருடன் ஒளியைவிட வேகமான துகள்களைப் பற்றி எழுதினார். அப்படி ஒரு துகள் இருந்தால், ஒருவர் கண்ணுக்கு அது இங்கிருந்து கிளம்பி அங்கே போய்ச் சேரும். வேறு வேகத்தில் நகரும் இன்னொருவர் கணக்கில் அது காலத்தில் பின்னோக்கிப் போவதாக வரும். அதற்கு அவர்கள் கண்ட வழி, அந்த இரண்டாமவர் அதை அங்கிருந்து கிளம்பி இங்கே வந்ததாக எடுத்துக்கொள்ளலாம் என்பது. அனுப்பியது யார், வாங்கியது யார் என்பதே பார்ப்பவரைப் பொறுத்தது. அந்தத் துகளை இன்றுவரை யாரும் கண்டதில்லை. ஆனால் துகளுக்கு அப்படி விட்டுக்கொடுக்கலாம். அப்பாவைப் பறிகொடுத்த மகனிடம் போய், யார் அனுப்பினார், யார் வாங்கினார் என்பது பார்வையைப் பொறுத்தது என்று சொல்ல முடியுமா? எனக்கு நா எழவில்லை.

என்னை நிஜமாகவே அசைத்தது பில்லியர்ட்ஸ் பந்துக் கணக்குதான். இயற்பியலாளர் ஜோ போல்ச்சின்ஸ்கி எழுப்பிய புதிர் அது. ஒரு பந்து, காலத்தில் பின்னால் கொண்டுபோகும் குறுக்குவழியான புழுத்துளைக்குள் போய், சற்று முன்னதாக வெளியே வந்து, உள்ளே போகவிருக்கும் தன்னையே இடித்துத் தள்ளினால் என்ன ஆகும்? இடித்தால் உள்ளே போகாது. போகாவிட்டால் இடிக்க ஆளில்லை. 1991-இல் எச்செவெரியா, கிளின்காமர், கிப் தோர்ன் மூவரும் கணக்குப் போட்டுப் பார்த்தார்கள். பந்து நேராக இடிக்காமல் லேசாக உரசினால் போதும். உரசப்பட்ட பந்து சற்றே விலகினாலும் உள்ளே போய்விடும்; விலகிப் போனதால்தான் நேராக இடிக்காமல் உரசும். முரண்பாடு இல்லை. அதோடு, ஒரே தொடக்கத்திலிருந்து முரண்பாடில்லாத தீர்வுகள் எண்ணற்றவை இருக்கலாம் என்றும் கண்டார்கள். அவற்றில் எது நடக்கும் என்று சாதாரண இயக்கவியல் சொல்வதில்லை.

இது எனக்கு முன்பே தெரியும். விவாதத்தின்போது நினைவுக்கு வரவில்லையா, அல்லது கேட்கப்படாததைச் சொல்லாமல் விட்டேனா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. அங்கே என் வேலை, வைத்த விதியைக் கதை மீறாமல் பார்ப்பது மட்டுமே. முடிவைத் தேர்ந்தெடுப்பது இயக்குநர் பாடு. இந்த எல்லையை இப்போதும் மதிக்கிறேன். ஆனால் என் பதிலைக் கேட்ட எவருக்கும், அப்பா சாவது விதியால் கட்டாயம் என்றுதான் தோன்றியிருக்கும். விதி அப்படிச் சொல்லவே இல்லை. கதையில் மாறக்கூடாதது மகன் கண்டது மட்டும்தான்: படகு மோதியது, உடல் கிடைக்கவில்லை. அவர் நீந்தி வேறெங்கோ கரையேறியிருந்தாலும் சுழி உடையாது.

அந்த உதவி இயக்குநருக்குப் போன் செய்து பந்து விஷயத்தைச் சொன்னேன்.

"அப்போ அந்த வெளிச்சத்தைப் பார்த்துத் திரும்பினதாலயே அவர் பிழைச்சிருக்கலாமா சார்?"

"பிழைச்சிருக்கலாம்மா."

இயக்குநரிடம் காட்ட வேண்டும், எழுதி அனுப்புங்கள் என்றார். எழுதினேன். பாதியில், 1992-இல் ஸ்டீபன் ஹாக்கிங் முன்வைத்த ஊகம் நினைவுக்கு வந்தது. இப்படிப்பட்ட வளையங்கள் உருவாவதையே இயற்கை விதிகள் தடுத்துவிடும் என்கிறது அது. நிரூபிக்கப்படவில்லை, ஆனால் பலரும் அதுதான் சரியாக இருக்கும் என்று நினைக்கிறார்கள், நானும்தான். அதைச் சேர்த்தால் இவ்வளவு நேரம் கொடுத்த நம்பிக்கையை நானே பிடுங்குவது போல இருக்கும். சேர்க்காவிட்டால் என் பெயரில் அரைகுறை இயற்பியல் போகும். கடைசிப் பத்தியாக அதைச் சேர்த்துத்தான் அனுப்பினேன்.