தாத்தாவின் ரேடியோவும் அப்பாவின் ஹிப்பி கிராப்பும்

கொடைக்கானல் நாயுடுபுரம் வீட்டைக் காலி செய்யப் போனபோது பரணில் தாத்தாவின் மர்பி ரேடியோ கிடைத்தது. அத்தை அதைத் துடைத்துக்கொண்டே சொன்னதைத்தான் எழுதுகிறேன்.

1975 ஜூன் 25 இரவு எமர்ஜென்சி வந்தது. திமுக ஆட்சி இருந்தவரை இங்கே கெடுபிடி அவ்வளவாக இல்லை, 1976 ஜனவரி 31ல் ஆட்சியைக் கலைத்த பிறகுதான் விசாரணையில்லாமல் சிறையில் போடும் மிசா சட்டத்தில் ஆட்களை அள்ளிக்கொண்டு போனார்கள். தாத்தா அரசாங்க குமாஸ்தா. அதற்கப்புறம் ஜன்னலைச் சாத்திவிட்டு, ரேடியோவோடு கம்பளிக்குள் புகுந்துகொண்டு, காதை ஒட்டவைத்துத்தான் பிபிசி தமிழோசை கேட்பாராம்.

1977 மார்ச்சில் இந்திரா தன் சொந்தத் தொகுதியான ரேபரேலியிலேயே தோற்றார். 21ஆம் தேதி எமர்ஜென்சி போனது. அப்பாவுக்கு அப்போது பத்தொன்பது வயது. ஏரிக்கரையில் சுற்றிய வெள்ளைக்கார ஹிப்பிகளைப் பார்த்து வளர்த்த தோள்வரை முடி, மூஞ்சிக்கல் டெய்லரிடம் தைத்த பெல்பாட்டம். அன்றைக்கு ரேடியோவை முழுச் சத்தத்தில் வைத்து ஜன்னலையும் திறந்துவிட்டிருக்கிறார். தாத்தா ஓடிவந்து அணைத்தார்.

"ஆபீஸுக்கு எல்லாரும் பத்து மணிக்கு வந்தானுங்க, ரயில் நேரத்துக்கு வந்துச்சு. இனிமே ஊரே உன் தலை மாதிரி ஆகப்போகுது பாரு."

"ரயிலே வராத ஊர்ல உங்களுக்கு எதுக்குப்பா ரயில் கவலை?"

"ஓட்டே இல்லாத பயலுக்கு என்னடா அரசியல்!"

அது உண்மைதான், அப்போது ஓட்டு வயது 21, அதைப் பதினெட்டாக்கியது 1989ல்தான். ஆனால் நான் அப்பா பக்கம். முடியும் பேன்ட்டும் சின்ன விஷயம் என்று எல்லாரும் சொல்வார்கள், ஒரு வருஷத்துக்கு மேல் வீட்டுக்குள்ளேயே குரலைத் தாழ்த்திப் பேசி வளர்ந்த பையனுக்கு அது சின்ன விஷயமே இல்லை. தாத்தாவையும் கோபித்துக்கொள்ள முடியவில்லை. எமர்ஜென்சி மேல் அவருக்கு ஆசை இருந்ததாக நான் நினைக்கவில்லை, அது போய்விட்டது என்று அவரால் நம்ப முடியவில்லை, அவ்வளவுதான். மகன் தலை தெருவில் தனியாகத் தெரிகிறதே என்ற பயம்.

1980 ஜனவரித் தேர்தலில் அப்பாவுக்கு முதல் ஓட்டு. கிளம்பும்போது தாத்தா தன் குரங்குக் குல்லாவை எடுத்துக் கொடுத்து, "பனியா இருக்கு, போட்டுக்கோ" என்றாராம். அப்பா வாங்கி அத்தை கையில் கொடுத்துவிட்டு வெறுந்தலையோடு கூடவே நடந்தார். வரிசையில் தாத்தா முன்னால், அப்பா பின்னால். அந்தத் தேர்தலில் இந்திரா திரும்ப வந்தார். முடிவு தெரிந்த ராத்திரி, யாரும் கேட்காமலேயே அப்பா ஜன்னலைச் சாத்தினார் என்றாள் அத்தை.