சுவோனில் ஜூலை

ஜூலை 3
அம்மாவின் ரிப்போர்ட் திங்கட்கிழமைதான் வருமாம். தம்பி சொன்னான்.

ஜூலை 4
1762-இல் இதே தேதி. கொரிய மன்னர் யொங்ஜோ தன் மகன் சாதோவை, பட்டத்து இளவரசரை, அரிசிப் பத்தாயத்துக்குள் இறக்கி மூடினார். எட்டு நாளில் உயிர் போய்விட்டது. தென்கொரியாவில் நான் இருக்கும் இந்தச் சுவோன் ஊர்க் கோட்டையே சாதோ நினைவோடு சேர்ந்ததுதான். சாதோவின் மகன் ஜொங்ஜோ மன்னரான பிறகு கட்டியது. சாதோ என்றால் எல்லோருக்கும் பத்தாயம்தான் ஞாபகம். எனக்குக் கிம் ஹான்-சே. அரண்மனை அண்ணகர், ஆண்மை நீக்கப்பட்ட பணியாள். 1757-இல் அவர் தலையை வெட்டிக் கையில் தூக்கிவந்து பணிப்பெண்களுக்குக் காட்டினார் சாதோ. சாதோவின் மனைவி இளவரசி ஹ்யேக்யொங் எழுதிவைத்திருக்கிறார்.

ஜூலை 5
வெயில். தூக்கமே இல்லை.

ஜூலை 6
சாதோவுக்கு உடுத்துவதென்றாலே பயம். பத்து, இருபது, சில நாள் முப்பது உடைகளை எடுத்துவைக்க வேண்டும். சிலவற்றை எரித்துவிடுவார். உடுத்திவிடுபவர் கை கொஞ்சம் தவறினாலும் போச்சு. நோய்தான், இல்லை என்று சொல்லவில்லை. அப்பா நாலு பேர் முன்னால் மட்டம் தட்டியே வளர்த்த பிள்ளை, பாவமாகவும் இருக்கிறது. ஆனால் இதே நோய் ஒரு குடியானவனுக்கு வந்திருந்தால் முதல் கொலையிலேயே பிடித்துக் கட்டியிருப்பார்கள். இவரோ 1749-லேயே அப்பா சார்பில் ஆட்சியைப் பார்த்தவர். நாளைக்கு அரியணையில் உட்காரப்போகிறவர். இன்றைக்கு எந்த மந்திரி வாயைத் திறப்பான்?

ஜூலை 7
ரிப்போர்ட் வரவில்லை.
1758-ஐத் தாண்டிப் போக முடியவில்லை. அந்த வருஷம் அப்பா யொங்ஜோவே சாதோவைக் கூப்பிட்டுக் கேட்டிருக்கிறார். கோபம் வந்தால் எதையாவது கொன்றால்தான் அடங்குகிறது, மனுஷனோ கோழியோ என்று மகனும் ஒத்துக்கொண்டார். மன்னர் மனம் இளகினாராம். அவ்வளவுதான். 1761-இல் பிங்-ஏ, சாதோவுக்குப் பிள்ளை பெற்றவள், உடை மாற்றும் நேரத்தில் அவரிடம் அடிபட்டே செத்தாள். தெரிந்திருந்தும் மூன்று வருஷம்!

ஜூலை 8
கட்சிச் சண்டையில் சாதோவைச் சிக்கவைத்தார்கள் என்கிறார்கள் சிலர். இளவரசி தன் பிறந்த வீட்டைக் காப்பாற்ற எழுதினார் என்றும். இருக்கட்டும். செத்தவர்கள் செத்தவர்கள்தானே.

ஜூலை 9
பத்தாயம் ஏன்? குற்றவாளி என்று தண்டித்தால் மனைவியும் மகனும் குற்றவாளியின் குடும்பமாகிவிடுவார்கள். அப்புறம் பேரன் எப்படிப் பட்டத்துக்கு வருவான்? கடைசியில் மன்னரிடம் முறையிட்டவர் சாதோவின் பெற்ற தாய். மன்னர் உயிருக்கும் பேரன் உயிருக்கும் ஆபத்து என்றுதான் கெஞ்சினார். ஹான்-சேக்காக ஒருவரும் போய் நிற்கவில்லை. நினைக்க நினைக்க ஆறவில்லை.

ஜூலை 10
தம்பி பேசினான். சென்னைக்கு டிக்கெட் பார்க்கிறேன்.