படிக்கு அந்தப் பக்கம்

எங்கள் ஓட்டலில் பாருக்கும் புல்வெளிக்கும் நடுவே ஒரே ஒரு கல்படி. அரை அடி உயரம் இருக்கும். கண்ணாடிக் கதவைத் திறந்து அதில் இறங்கினால், மேகம் இல்லாத நாளில் எதிரே தொட்டபெட்டா தெரியும். ஊட்டிக்கு வருகிறவர்களில் பாதிப் பேருக்குக் கையில் கிளாஸோடு அந்தப் படியில் இறங்கியாக வேண்டும். இறங்க விடாமல் நிறுத்துவதுதான் பதினோரு வருடமாக என் வேலையில் பெரும்பகுதி. விசிட்டிங் கார்டில் டியூட்டி மேனேஜர் என்று போட்டிருக்கும்.

"இதுவும் உங்க இடம், அதுவும் உங்க இடம். அப்புறம் என்ன சார்?" என்பார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் உரிமத்தோடு சேர்ந்து ஒரு வரைபடம் இருக்கிறது. அதில் சிவப்புக் கோடு போட்ட அறைக்குள்தான் ஊற்றலாம். கோடு கல்படியோடு நின்றுவிடுகிறது.

நான் சேர்ந்த முதல் வருடம் டிசம்பரில் இது எனக்கு உறைக்கவில்லை. திருப்பூரிலிருந்து ஒரு குடும்பம், அறுபதாம் கல்யாணம். பகலில் சடங்கெல்லாம் முடிந்து, இரவு புல்வெளியில் கேம்ப் ஃபயர். பெரியவரின் தம்பி வந்து என் தோளில் கை போட்டார். "ஏனுங் தம்பி, நாலே நாலு டேபிளுங். குளுரு பாருங்க. இங்கயே கொண்டாந்து குடுத்துடச் சொல்லுங்க." எங்கள் பார் கேப்டன், என்னைவிட இருபது வயது மூத்தவர், வேண்டாம் தம்பி என்று கண்ணாலேயே சொன்னார். நான் சரி என்று தலையாட்டிவிட்டேன்.

ஒன்பதரைக்கு எக்சைஸ் அதிகாரி வந்தார். சத்தம் போடவில்லை. மேஜை மேல் இருந்த கிளாஸ்களைக்கூடச் சரியாகப் பார்க்கவில்லை. வரைபடத்தை எடுத்து வரச் சொன்னார். நெருப்பு வெளிச்சத்தில் அதை விரித்து, "இந்த டேபிள் இதுல எங்க இருக்கு, காட்டுங்க" என்றார். என் விரல் படியைத் தாண்டியதும் வெள்ளைத் தாள்தான் இருந்தது. அந்த வெள்ளைத் தாளில் விரலை வைத்துக்கொண்டு நின்றதை இப்போது நினைத்தாலும் காது சூடாகிறது. எழுத்தில் விளக்கம் கேட்டார்கள். முதலாளி அபராதம் கட்டினார். என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதுதான் அதிகமாக உறுத்தியது.

பிறகுதான் சட்டத்தை எடுத்துப் படித்தேன். மது விற்க உரிமம் கொடுக்கும் துறைக்கு மதுவிலக்கு மற்றும் ஆயத்தீர்வைத் துறை என்று பெயர். முதலில் எனக்கு இது வேடிக்கையாக இருந்தது. படித்த பிறகு வேடிக்கை போய்விட்டது. நம் ஊரில் இன்றைக்கும் அடிப்படைச் சட்டம் 1937ஆம் வருட மதுவிலக்குச் சட்டம்தான். ராஜாஜி முதலில் சேலத்தில் தொடங்கி, 1948இல் மாகாணம் முழுக்க வந்தது. 1971இல் தளர்த்தினார்கள், சில வருடத்தில் திரும்பக் கொண்டுவந்தார்கள், 1981இல் மறுபடி திறந்தார்கள். எங்கள் பார் நடப்பது அந்த 1981ஆம் வருட உரிம விதிகளின்படி. கிளப் என்றால் எஃப்.எல்.2 என்ற உரிமம், ஓட்டல் என்றால் எஃப்.எல்.3. இத்தனை நடந்தும் 1937 சட்டம் ரத்தாகவில்லை. ஆக, கூடாது என்பதுதான் பொது விதி. இந்த அறையில், இந்த நேரத்தில், இந்த வயதுக்கு மேல் என்றால் மட்டும் பரவாயில்லை. பெரிய கதவில் ஒரு சின்னத் திட்டிவாசல் மாதிரி. திட்டிவாசலின் அகலம் எவ்வளவு என்பதைத்தான் வரைபடம் சொல்கிறது. அதனால் கஸ்டமரிடம் "புல்வெளியில் தடை சார்" என்று நான் சொல்வதில்லை. தடை எல்லா இடத்திலும்தான் இருக்கிறது, அந்த ஒரு அறைக்குள் மட்டும்தான் விலக்கு. இதை இரண்டு பெக் போட்டவரிடம் விளக்க முடியாது என்பது வேறு விஷயம்.

கேப்டன் அண்ணனுக்குச் சட்டம் எல்லாம் தெரியாது, கணக்கு தெரியும். 750 மில்லி பாட்டிலுக்கு 30 மில்லி பெக் இருபத்தைந்து. இரவு கடை அடைத்ததும் திறந்த பாட்டில்களை வரிசையாக நிறுத்தி, குனிந்து கண்மட்டத்தில் வைத்துப் பார்ப்பார். பிறகு ஸ்டாக் ரிஜிஸ்டரில் ஆரம்ப இருப்பு, வரவு, விற்பனை, முடிவு இருப்பு. ஒரு பெக் உதைத்தால்கூடத் தூங்கப் போக மாட்டார். எனக்குக் குளிரில் பல் கிட்டும். "தம்பி, சிந்தினதுனா சிந்தினதுன்னு எழுதணும். எழுதாத பெக்கு திருட்டு பெக்கு" என்பார்.

விற்கக் கூடாத நாட்களில் கொடுமையானது திருவள்ளுவர் தினம். பொங்கல் விடுமுறைக்கு மலையே நிரம்பி வழியும், அறை ஒன்று காலி இருக்காது, அன்றைக்கு டாஸ்மாக்கும் கிடையாது, பாரும் கிடையாது. "வள்ளுவர் கள்ளுண்ணாமைன்னு பத்து குறள் எழுதினதுக்கு நாங்க என்ன சார் பண்ணுவோம்?" என்று ஒருவர் உண்மையாகவே கண் கலங்கிக் கேட்டார். சீசன் தொடக்கத்தில் மே தினம் இன்னொன்று. தேர்தல் வந்தால் வாக்குப்பதிவு முடிவதற்கு முந்தைய நாற்பத்தெட்டு மணி நேரமும் பூட்டு. பக்கத்து மாநிலத்தில் வேறு தேதியில் தேர்தல் என்றால், அங்கிருந்து வருகிறவர்களுக்கு இது புரியவே புரியாது.

வயது விஷயமும் அப்படித்தான். இங்கே 21. கூடலூரிலிருந்து நாடுகாணி தாண்டி இறங்கினால் கேரளத்தில் 23. இருபத்திரண்டு வயதுப் பையன் மலை மேலே பெரியவன், கீழே போனால் சின்னப் பையன். அடையாள அட்டை கேட்டால் முகம் சிவப்பார்கள். இதில் நான் விட்டுக்கொடுப்பதே இல்லை.

பாட்டுச் சத்தம் தனிக் கதை. ஒலி மாசு விதிகள் 2000இல் வந்தவை. இரவு பத்திலிருந்து காலை ஆறு வரை திறந்தவெளியில் ஒலிபெருக்கி கூடாது. பள்ளி, ஆஸ்பத்திரியைச் சுற்றி நூறு மீட்டர் அமைதி மண்டலம். ஊட்டியில் பள்ளிக்கூடம் இல்லாத திருப்பம் எது? சமவெளியில் சத்தம் நாலு சுவரில் முட்டி நின்றுவிடும். இங்கே பள்ளத்தாக்கில் நழுவிப்போய் எதிர்ச் சரிவில் தூங்கிக்கொண்டிருக்கும் ஹட்டிக்குள், அதாவது படகர் ஊருக்குள், நுழையும். டிஜே தம்பிகளிடம் ஒன்பதே முக்காலுக்கே போய் நின்றுவிடுவேன். "லாஸ்ட் சாங் சார்" என்பார்கள். எனக்குத் தெரிந்து லாஸ்ட் சாங் என்பது குறைந்தபட்சம் மூன்று பாட்டு.

பாட்டுக்கு உரிமைத்தொகை கேட்டும் ஆள் வருவார்கள். புத்தாண்டு இரவு என்றால் கட்டத்தான் வேண்டும். கல்யாணத்துக்குக் கேட்டால் பதிப்புரிமைச் சட்டம் 52ஆம் பிரிவில் கல்யாண ஊர்வலம், கல்யாணத்தை ஒட்டிய கொண்டாட்டங்களுக்கு விலக்கு இருப்பதைக் காட்டுவேன். 2023இல் மத்திய அரசே அதைத் தெளிவுபடுத்தி அறிவிப்பு வெளியிட்டது. அதன் பிரதி எங்கள் ரிசப்ஷன் மேஜை டிராயரில் இருக்கிறது. ஓரம் கசங்கிவிட்டது.

அதே 2023இல் ஏப்ரல் மாதம், திருமண மண்டபத்தில் சிறப்பு உரிமம் வாங்கி மது பரிமாறலாம் என்று செய்தி வந்ததும் ஒரே நாளில் எத்தனை போன்! எதிர்ப்பு கிளம்பி, மண்டபத்துக்கான பகுதியை அரசு எடுத்துவிட்டது. ஆனால் முதல் செய்தியைப் படித்தவர்கள் இரண்டாவது செய்தியைப் படிப்பதில்லை. போன மாதம்கூட ஒருவர் கேட்டார்.

விதிகளிலேயே எங்கள் ஊழியர்களுக்குப் பிடித்தது காலி பாட்டில் விதி ஒன்றுதான். காட்டில் உடைந்த கண்ணாடி யானையின் காலைக் கிழிக்கிறது என்று உயர் நீதிமன்றம் தலையிட்டு, 2022 மே 15 முதல் நீலகிரி டாஸ்மாக் கடைகளில் பாட்டிலுக்குப் பத்து ரூபாய் கூடுதலாக வாங்கி, காலி பாட்டிலைத் திருப்பிக் கொடுத்தால் பத்து ரூபாயைத் தருகிறார்கள். வெளியில் வாங்கி வந்து அறையில் குடிக்கிறவர்கள் பாட்டிலைத் திருப்பவா போகிறார்கள்? கட்டிலுக்கு அடியில் விட்டுப் போவார்கள். அறை சுத்தம் செய்யும் அக்கா ஒருவர் கோணிப்பையில் சேர்த்து வைத்து, வாரம் ஒருநாள் ஆட்டோவில் ஏற்றிப் போவார். பேத்திக்கு ஸ்வெட்டர் வாங்கியது அந்தக் காசில்தான்.

போன வருடம் முதலாளிக்கு ஒரு யோசனை வந்தது. வரைபடத்தைப் புதிதாகப் போட்டு, புல்வெளியையும் சேர்த்து விண்ணப்பித்துப் பார்த்தால் என்ன? எனக்கும் சந்தோஷம்தான், படியில் காவல் நிற்கும் வேலை ஒழியும். படம் போடுகிறவர் வந்தார். பனி இறங்கிய மாலையில் நானும் அவரும் டேப்பைப் பிடித்துக்கொண்டு ரோஜாப் பாத்தியைச் சுற்றி வந்தோம். மூலையில் ஊஞ்சல் இருக்கும் இடத்துக்கு வந்தபோது, கதவருகில் நின்று பார்த்துக்கொண்டிருந்த கேப்டன் அண்ணன் கேட்டார்: "இதையும் பாருக்குள்ள சேத்துட்டா, அப்புறம் பிள்ளைங்க எங்க தம்பி ஆடும்?"

படம் போடுகிறவர் என்னைப் பார்த்தார். நான் டேப்பைச் சுருட்டினேன். முதலாளியிடம் போய்ச் சொன்னபோது அவர் கொஞ்ச நேரம் ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு, சரி விடு என்றார். சிவப்புக் கோடு பழைய இடத்திலேயே இருக்கிறது. ஊஞ்சலுக்குப் போன வாரம் புதுச் சங்கிலி மாட்டினோம்.