எயா என்றால் நீர்

11 நவம்பர் 2024, திங்கள், இரவு

ஹோ சி மின் நகரிலிருந்து புறப்பட்ட விமானம் ஒரு மணி நேரத்துக்குள் இறங்கத் தொடங்கியது. மேகம் விலகியபோது கீழே தெரிந்த மண் செங்கல்லை அரைத்துக் கொட்டியதுபோல் சிவந்திருந்தது. எரிமலைக் குழம்பு இறுகிப் பசால்ட் பாறையாகி, அந்தப் பாறை காலப்போக்கில் மட்கி உண்டான மண் இது. வியட்நாமின் நடு மேட்டு நிலத்தில், கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 500 மீட்டர் உயரத்தில், டாக் லாக் மாநிலத்தின் தலைநகரான புவோன் மா துவோட் இருக்கிறது. மலேசியாவின் ஈப்போவுக்கு அருகே தோட்டத்தில் பிறந்து வளர்ந்த எனக்கும் அக்காவுக்கும் வரிசை பிடித்து நட்ட மரங்களைப் பார்த்தவுடனே பழகிய இடத்துக்கு வந்துவிட்ட உணர்வு ஏற்பட்டது.

ஊரின் பெயர் இந்த மேட்டு நிலத்தின் பழங்குடிகளான எடே மக்களின் மொழியில் அமைந்தது. 'புவோன்' என்றால் ஊர். 'ஆமா துவோட்' என்றால் துவோட்டின் அப்பா. துவோட் என்ற பிள்ளையின் தகப்பன் தலைவராக இருந்த ஊர் என்பதால் இந்தப் பெயர் நிலைத்தது. பெரியவர்களைப் பெயர் சொல்லி அழைக்காமல் பிள்ளையின் பெயரை வைத்து அழைக்கும் வழக்கம் அவர்களிடமும் உண்டு என்று படித்ததும், எங்கள் பாட்டி கடைசிவரை தாத்தாவை 'முனியம்மா அப்பா' என்றே அழைத்தது நினைவுக்கு வந்தது.

நாளைக்கு ஒருநாள் சுற்றுலா. யானைச் சவாரி சேர்ந்த பயணத்தை அக்கா தொடக்கத்திலேயே மறுத்துவிட்டார். 1980இல் இந்த மாநிலத்தில் பழக்கப்பட்ட யானைகள் ஐந்நூறு இருந்தன; இன்று நாற்பதுக்கும் குறைவு. அருவி, எடே ஊர், மாலையில் சேகண்டி இசை என்று இருந்த பயணத்தையே தேர்ந்தெடுத்தோம்.

12 நவம்பர், செவ்வாய், முற்பகல்

டிராய் நூர் அருவிக்கு எதிரே உள்ள தேநீர்க் கடையில் உட்கார்ந்து எழுதுகிறேன். காகிதம் ஈரமாகிவிட்டது, பேனா வழுக்குகிறது.

காலை ஏழரைக்கு வேன் வந்தது. எங்களோடு ஹனோயிலிருந்து வந்த ஓர் இளம் தம்பதியும் இரண்டு டச்சு மாணவர்களும் இருந்தார்கள். வழிகாட்டி எடே இனத்தைச் சேர்ந்த பெண். வயது இருபத்தைந்து இருக்கலாம். எடே பெண்களின் பெயர்கள் எல்லாம் 'ஹ' என்ற மூச்சொலியிலும் ஆண்களின் பெயர்கள் 'இ' என்ற எழுத்திலும் தொடங்கும் என்பதை அவரே சொன்னார். அக்காவையும் என்னையும் வியட்நாமிய வழக்கப்படி 'சி' என்று அழைத்தார். அதற்கும் அக்கா என்றுதான் பொருள்.

நகரிலிருந்து அருவிக்கு ஏறத்தாழ 25 கிலோமீட்டர். வழி முழுவதும் காப்பி அறுவடை நடந்துகொண்டிருந்தது. மரத்தடியில் வலை விரித்து, கிளையைக் கையால் உருவிப் பழங்களை விழச் செய்கிறார்கள். ஒவ்வொரு வீட்டு வாசலிலும் தார்ப்பாயில் சிவப்பும் பச்சையும் கலந்த பழங்கள் காய்ந்துகொண்டிருந்தன. புளித்த பலாச்சுளையை நினைவூட்டும் ஒரு மணம் வேனுக்குள் வந்தது. இங்கே விளைவது பெரும்பாலும் ரொபஸ்டா வகைக் காப்பி. இந்த ஆண்டு கிலோ ஒரு லட்சம் டாங்கைத் தாண்டி விலை போவதால் இரவில் பழத் திருட்டுக்குப் பயந்து பலர் தோட்டத்திலேயே குடில் போட்டுப் படுக்கிறார்கள் என்றார் வழிகாட்டி. அவருடைய அம்மாவும் மூன்று இரவுகளாகத் தோட்டத்தில்தான் இருக்கிறாராம்.

அருவியைப் பற்றி எழுத வேண்டும். கிரோங் அனா, கிரோங் நோ என்ற இரண்டு ஆறுகள் கூடிச் செரெபோக் என்ற ஆறாகின்றன. கிரோங் என்றால் ஆறு. அனா பெண், நோ ஆண். பெண்ணாறும் ஆணாறும் சேர்ந்த ஆறு மேற்கே ஓடிக் கம்போடியாவுக்குள் சென்று, இறுதியில் மேகோங்கில் கலக்கிறது. வியட்நாமின் ஆறுகள் பெரும்பாலும் கிழக்கே கடலுக்குப் போகின்றன. இது கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு போகிறது. அந்த ஆறு பசால்ட் விளிம்பிலிருந்து இறங்கும் இடங்களில் ஒன்றுதான் டிராய் நூர். உயரம் முப்பது மீட்டர் அளவுதான். உயரத்தைவிட அகலமே ஆளை நிறுத்துகிறது. இருநூறு மீட்டருக்கு மேல் நீண்ட பாறைச் சுவரில் நீர் பல பிரிவுகளாக விழுகிறது. மழைக்காலம் அக்டோபரோடு முடிந்தாலும் ஆற்றில் வெள்ளம் வடியவில்லை. நீர் பால் கலந்த தேநீரின் நிறத்தில் இருந்தது.

நெருங்கிப் போனபோது பார்த்த ஒன்றை மறக்கக் கூடாது என்பதற்காக இங்கே குறித்துக்கொள்கிறேன். பாறைச் சுவரின் ஓரத்தில், எரிமலைக் குழம்பு குளிர்ந்தபோது வெடித்து உண்டான அறுகோணத் தூண்கள் அடுக்கடுக்காக நின்றன. ஒரு தூணின் தலையில், உள்ளங்கை அளவு பள்ளத்தில் நீர் தேங்கியிருந்தது. அருவியின் அதிர்வு பாறை வழியாக வந்து அந்தச் சிறு நீரில் இடைவிடாமல் வட்டங்களை எழுப்பிக்கொண்டிருந்தது. மேலிருந்து ஒரு துளிகூட அதில் விழவில்லை. நான் தூணின்மேல் கையை வைத்தேன். நடுக்கம் மணிக்கட்டுவரை ஏறியது. அக்காவையும் கூப்பிட்டு வைக்கச் சொன்னேன். அவர் வெகுநேரம் கையை எடுக்கவில்லை.

12 நவம்பர், பிற்பகல்

தொங்குபாலம் வழியாக டிராய் சாப் என்ற அடுத்த அருவியின் பக்கம் நடந்தோம். பாலத்துக்கு அந்தப் பக்கம் வேறு மாநிலம். 'சாப்' என்றால் புகை. பெயர் வைத்தவர்கள் சரியாகப் பார்த்துத்தான் வைத்திருக்கிறார்கள். அடியில் விழுந்த நீர் திவலையாக எழுந்து மரங்களின் உச்சிக்கு மேல் நின்றது.

அங்கே நின்றுதான் வழிகாட்டி ஒரு செய்தியைச் சொன்னார். இன்று நாம் பார்க்கும் பெருக்கு மழையின் கொடை. ஆறு எப்போதும் இப்படி இருப்பதில்லை. மேலே புவோன் குவோப் நீர்மின் நிலையம் 2009இல் இயங்கத் தொடங்கியது. அதன் திறன் 280 மெகாவாட். அணையில் தேக்கிய நீரைச் சுரங்கம் வழியாகச் சுழலிகளுக்கு அனுப்பி, அருவிகளைத் தாண்டிக் கீழே ஆற்றில் விடுகிறார்கள். கோடையில் நீர் குறையும்போது அருவிக்கு மிஞ்சுவது கொஞ்சம்தான். சில நாட்களில் பாறை மட்டுமே தெரியும். அதோடு, காப்பி பூக்க வேண்டுமானால் ஜனவரி முதல் ஏப்ரல் வரை நீர்ப் பாய்ச்சல் வேண்டும். கிணறும் ஓடையும் அப்போதுதான் இறங்குகின்றன.

அவர் குற்றம் சாட்டும் குரலில் பேசவில்லை. அவர் வீட்டு விளக்கும் அந்த மின்சாரத்தில்தான் எரிகிறது, அவர் படித்ததும் காப்பிப் பணத்தில்தான். "அருவியைக் காட்டுவது என் வேலை, மார்ச்சில் வருகிறவர்களிடம் நான் மன்னிப்புக் கேட்க வேண்டியிருக்கிறது" என்று மட்டும் சொன்னார். எனக்கு அந்தப் பேச்சு வலித்தது. ஒருநாள் சுற்றுலாவில் வந்து படம் எடுத்துப் போகும் நாங்கள், ஆற்றின் ஓராண்டில் மிக நல்ல ஒரு நாளை மட்டும் பார்த்துவிட்டுப் போகிறோம்.

பகலுணவு ஓர் எடே குடும்பத்தின் வீட்டில். மூங்கில் குழாயில் வெந்த சோறு, சுட்ட கோழி, நசுக்கி வதக்கிய மரவள்ளி இலை, உலர்மீன் சேர்த்த கசப்புக் கத்திரிக்காய். சுண்டைக்காயில் ஊறிய நாக்குக்கு அந்தக் கசப்பு உடனே பிடித்துவிட்டது. டச்சு மாணவர்கள் தொடாமல் விட்டதையும் அக்கா தன் பக்கம் நகர்த்திக்கொண்டார்.

12 நவம்பர், இரவு

தூக்கம் வரவில்லை. மாலையில் நடந்ததை எழுதி முடித்தால்தான் வரும்.

எடே வீடு தூண்களின் மேல் நிற்கும் நீள்வீடு. தாய்வழிச் சமூகம் என்பதால் வீடு பெண்களுக்கு உரியது. மகளுக்குத் திருமணமானால் மருமகன் இங்கே வருகிறான். பெண் கேட்டுப் போகும் வழக்கம் இல்லை, பெண் வீட்டார்தான் மாப்பிள்ளை கேட்டுப் போகிறார்கள். குடும்பப் பெயரும் சொத்தும் அம்மா வழியில் இறங்குகின்றன. மகள்கள் கூடக் கூட வீட்டை நீட்டிக் கட்டுவது அந்தக் காலத்து வழக்கம். இப்போது பிள்ளைகள் தனித்தனியே சிமெண்டு வீடு கட்டிக்கொள்வதால் நீள்வீடுகள் அருகிவிட்டன.

முன்வாசலில் ஒரே மரத்தைச் செதுக்கிய படிக்கட்டு. அதன் மேல்முனையில் இரண்டு முலைகளும் அவற்றுக்கு மேல் ஒரு பிறை நிலவும் புடைப்பாகச் செதுக்கப்பட்டிருக்கின்றன. ஏறுகிறவர்கள் அவற்றைப் பிடித்துக்கொண்டுதான் ஏற வேண்டும். அது வீட்டுப் பெண்களுக்குச் செய்யும் மரியாதை. பல தலைமுறைக் கைகள் பட்டு, அந்த இடம் மட்டும் எண்ணெய் பூசியதுபோல் கறுத்து மின்னியது. ஹனோய் இளைஞர் கூச்சத்தோடு நின்றார். உள்ளே இருந்த பாட்டி ஏதோ சொல்ல, வழிகாட்டி சிரித்துக்கொண்டே மொழிபெயர்த்தார்: "அம்மாவைப் பிடித்துக்கொண்டுதானே நீயும் நடக்கப் பழகினாய்?"

பாட்டி அந்தப் பிறையைத் தொட்டுக் காட்டி "ம்லான்" என்றார். அந்தச் சொல்லை நான் கடந்துபோயிருப்பேன், அக்காதான் நின்றார். "ம்லானா? புலான் மாதிரி இல்லையா?" என்று என்னிடம் கேட்டார். மலாயில் நிலவுக்குப் புலான் என்று பெயர். நான் வழிகாட்டியிடம் மழைக்கு என்ன சொல் என்று கேட்டேன். "ஹ்ஜான்" என்றார். மலாயில் ஹூஜான். நீருக்கு? "எயா." மலாயில் ஆயர். பாட்டி எங்கள் பரபரப்பைப் பார்த்துவிட்டு, சுவரோரம் அடுக்கியிருந்த மதுச்சாடிகளைத் தொட்டுத் தொட்டு எண்ணத் தொடங்கினார். இரண்டு என்பதற்கு துவா என்றார், எங்களுக்கும் துவாதான். பத்துக்கு ப்லூ என்றார், எங்கள் பூலோ. அக்கா மலாயில் எண்ண, பாட்டி எடேயில் எண்ண, இருவரும் பத்துவரை போய்ச் சேர்ந்து கையைப் பிடித்துக்கொண்டார்கள்.

எடே மொழி, வியட்நாமின் கடலோரத்துச் சாம் மக்களின் மொழிக்கு நெருங்கிய உறவு. இரண்டும் மலாய் சேர்ந்த ஆஸ்திரோனீசியக் குடும்பத்தவை. அக்கம்பக்கத்தில் முனோங் போன்ற மக்கள் கம்போடிய மொழி சேர்ந்த மோன்–கெமர் குடும்ப மொழிகளைப் பேச, கடலோடிகளின் மொழிக் குடும்பம் ஒன்று இந்த மலைமேல் ஏறிக் குடியிருக்கிறது. இதைப் புத்தகத்தில் படித்திருந்தால் தகவலாகப் போயிருக்கும். பள்ளியில் கட்டாயமாகப் படித்த மலாய், தாய்மொழி அல்லாத அந்த மொழி, எங்களை ஒரு பாட்டியின் பக்கத்தில் கொண்டுபோய் உட்கார வைத்தது.

பிறகு சேகண்டி. முன்கூடத்தின் சுவரோடு சுவராக, ஒரே மரத்தில் குடைந்த நீளமான இருக்கை கிடந்தது. அதன் பெயர் க்பான். அதில் முதியவர்கள் வரிசையாக உட்கார்ந்து ஆளுக்கு ஒரு சேகண்டியைத் தொடைமேல் வைத்துக்கொண்டார்கள். ஒருவர் கையில் ஒரே ஒரு சுரம்தான். தன் முறை வரும் நொடியில் அடிக்க வேண்டும். ஒருவர் தவறினால் பாட்டு உடைந்துவிடும். எடே வாசிப்பு மிக வேகமானது, சத்தமும் அதிகம். சிறிது நேரத்துக்குப் பிறகு எந்தக் கை எந்த ஒலியை எழுப்புகிறது என்று பிரித்துக் கேட்க முடியவில்லை. காலையில் தூணின் தலையில் கையை வைத்தபோது ஏறிய அதே நடுக்கம் பலகைத் தரை வழியாக வந்து என் பாதத்தில் ஏறியது.

இந்தச் சேகண்டிகளை அவர்கள் வார்ப்பதில்லை. சமவெளி வியட்நாமியரிடமும் லாவோஸ் பக்கமும் வாங்கி, சுத்தியலால் தட்டித் தட்டித் தங்கள் சுரத்துக்குக் கொண்டுவருகிறார்கள். அப்படிச் சுரம் சேர்க்கத் தெரிந்தவர்கள் குறைந்து வருகிறார்கள் என்பது வாசித்தவர்களின் கவலை. நடு மேட்டு நிலத்தின் சேகண்டிப் பண்பாட்டை யுனெஸ்கோ 2005இல் மனித குலத்தின் அரும்படைப்பாக அறிவித்து, 2008இல் தன் பட்டியலில் சேர்த்தது. பொதுவாக ஆண்களே வாசிக்கும் கருவி இது. எடே மக்களில் பீஹ் என்ற பிரிவில் மட்டும் பெண்கள் வாசிக்கிறார்கள் என்று வழிகாட்டி பெருமையோடு சொன்னார்.

ஒரு குறையையும் எழுதி வைக்கிறேன். எங்களை அனுப்பிய நிறுவனம் சேகண்டிக்கு ஒதுக்கியது முப்பது நிமிடம். வேன் ஓட்டுநர் இரண்டு முறை வந்து கடிகாரத்தைக் காட்டினார். முதியவர்கள் அடுத்த பாட்டுக்குக் கையை எடுத்திருந்தார்கள், அப்படியே இறக்கிவிட்டார்கள். அந்தக் கைகள் இறங்கியதைப் பார்த்தது எனக்கு மிகவும் வருத்தமாக இருந்தது. மறுநாள் எங்கள் செலவில் திரும்பி வருகிறோம் என்று அக்கா அங்கேயே சொல்லிவிட்டார்.

13 நவம்பர், புதன்

வாக்கு மாறாமல் போனோம். இன்று யாரும் எங்களுக்காக எதையும் நிகழ்த்தவில்லை. பாட்டி ஒரு சாடியை நடுத்தூணில் கட்டி, அதன் வாயில் இலைகளைத் திணித்து, நீர் ஊற்றி நிரப்பினார். நீண்ட பிரம்புக் குழாய் ஒன்றைச் செருகி முதலில் அவர் உறிஞ்சினார். மூத்த பெண் தொடங்கிய பிறகுதான் மற்றவர்களுக்கு. குடித்த அளவுக்கு மேலே மீண்டும் நீர் ஊற்றுவதால் சாடி குறைவதில்லை, கள் மட்டும் மெல்ல மெல்ல வெளுத்துக்கொண்டே போகிறது. எனக்கு ஒரு வாய் போதுமானதாக இருந்தது: இனிப்பு, பிறகு புளிப்பு, தொண்டையில் கொஞ்சம் சூடு.

மாலையில் பாட்டி எங்களை ஊர்த் துறைக்கு அழைத்துப் போனார். ஒவ்வொரு எடே ஊருக்கும் ஒரு நீர்த்துறை உண்டு. ஆண்டுக்கு ஒருமுறை அதற்குப் பூசை செய்கிறார்கள். மூங்கில் குழாய்கள் வழியாக ஊற்று நீர் ஒரு மேடையில் விழுந்துகொண்டிருந்தது. முன்பு பெண்கள் காய்ந்த சுரைக்குடுக்கைகளில் நீர் பிடித்து, முதுகுக் கூடையில் அடுக்கிச் சுமந்து போவார்களாம். இப்போது எல்லா வீட்டிலும் குழாய் இருக்கிறது. ஆனாலும் பாட்டி சாடிக்கு ஊற்றும் நீரை மட்டும் இங்கிருந்துதான் எடுக்கிறார்.

போன கோடையில் இந்த ஐந்து குழாய்களில் மூன்று நின்றுவிட்டன என்று வழிகாட்டி சொன்னார். இன்று ஐந்திலும் விழுந்தது. பாட்டி பழைய சுரைக்குடுக்கை ஒன்றைக் கழுவி நிரப்பி அக்காவிடம் நீட்டி, "எயா" என்றார்.

"ஆயர்" என்று சொல்லி வாங்கி, அக்கா அண்ணாந்து குடித்தார். பிறகு என் பக்கம் நீட்டி, "தண்ணி, குடி" என்றார்.

குடித்தேன். சுரைக்காயின் வாசமும் கல்லின் குளிர்ச்சியும் அதில் இருந்தன.